கழித்தல் கணக்குக்காக நான் செய்த ஜெபம்

என் பெயர் சாந்தி. மேரு என்னும் ஊரில், மேசை நாற்காலி செய்யும் ஓர் ஆலையில் பதினோரு வருடமாக வார்னிஷ் அடித்து வந்தேன். போன ஜூன் மாதம் எனக்கு மூச்சிரைப்பு முற்றிவிட்டது. "இந்த வாடையை விட்டு வெளியே வந்தே ஆகணும்" என்றார் டாக்டர்.

ஆலையில் மரம் அறுக்கும் பிரிவில் மட்டும் ஓர் இடம் காலியாக இருந்தது. அதற்கு ஒரு பரீட்சை. வெளிநாட்டுக்குப் போகிற சாமான் என்பதால் அளவெல்லாம் அங்குலத்தில்தான். பின்னத்தைக் கழிக்கத் தெரிய வேண்டும். நானோ ஆறாம் வகுப்போடு நின்றவள். 5 1/4-இல் 2 3/8 போனால் எவ்வளவு? பின்னத்தின் மேலே மூன்றில் ஒன்று போக இரண்டு, கீழே எட்டில் நாலு போக நாலு என்று போட்டேன். தப்பு. எத்தனை முறை போட்டாலும் தப்பு. அழுதேன்.

"ஆண்டவரே, இதை என் மண்டையில் ஏற்றும்" என்று முழங்காலில் நின்றேன். கணக்கு ஏறவில்லை. கலாவின் முகம்தான் வந்தது.

கலா அறுக்கும் பிரிவில் வேலை செய்பவள். இரண்டு வருடத்துக்கு முன் அவள் தாமதமாக வந்ததை மேலாளரிடம் போட்டுக்கொடுத்தவள் நான். அதுவரை தோழிகளாக இருந்தோம்; அன்றிலிருந்து பேச்சு இல்லை. 'அவள் வேண்டாம், ஆண்டவரே' என்றேன். மூன்று நாள் ஜெபித்தேன். மூன்று நாளும் அதே முகம்.

நாலாம் நாள் கேன்டீனில் அவள் எதிரே போய் உட்கார்ந்தேன்.

"கலா, எனக்குக் கணக்கு சொல்லித் தருவியா?"

"போட்டுக்கொடுத்த வாயாலயே கேக்குறியா?"

"ஆமா. நான் செஞ்சது தப்பு. மன்னிச்சிடு."

அவள் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளி வைத்தாள். பிறகு, பையிலிருந்த அளவு டேப்பை இழுத்தாள்.

"கால் அங்குலத்துல எத்தனை சின்னக் கோடு இருக்கு? எட்டுல ஒண்ணு, அந்தக் கோடு. எண்ணு லா."

"ரெண்டு."

"அப்ப ரெண்டுல மூணு போகுமா?"

"போகாது."

"அஞ்சுல ஒரு முழு அங்குலத்த உடை. எட்டு கிடைக்கும். ஏற்கனவே உள்ள ரெண்டோட சேத்தா?"

"பத்து. மூணு போனா ஏழு!" எனக்குக் குரல் உயர்ந்துவிட்டது. "மிச்சம் நாலுல ரெண்டு போனா ரெண்டு. ரெண்டு அங்குலம், எட்டுல ஏழு!"

டேப்பில் வைத்துப் பார்த்தோம். சரியாக இருந்தது. கலா சிரித்துவிட்டாள்.

இரண்டு வாரம் சாப்பாட்டு நேரமெல்லாம் சொல்லிக்கொடுத்தாள். பரீட்சையில் பத்தில் ஒன்பது சரி. இன்று தூசிக்கு முகமூடி போட்டுக்கொண்டு அவள் பக்கத்து இயந்திரத்தில் நிற்கிறேன். மாடிப்படி ஏறினால் இன்னும் கொஞ்சம் இரைக்கிறது. ஆனால் ஆராதனையில் ஒரு பாட்டை முழுதாகப் பாட முடிகிறது. ஆண்டவருக்கு நன்றி.

நான் கேட்டது ஒரு கணக்கு. அவர் எனக்கு ஒரு தோழியைத் திருப்பித் தந்தார். நீங்களும் கேளுங்கள். ஜெபிக்கும்போது பேசப் பிடிக்காத ஒருவரின் முகம் வந்தால், என்னைப் போல மூன்று நாள் வீணாக்காதீர்கள். எழுந்து போய்ப் பேசுங்கள்.