ஷோகேஸ் கேக்குக்கு வைத்த பெயர்

என் அக்காவுக்குச் சந்தேகம் கூடப்பிறந்தது. நான் அதற்கப்புறம்தான் பிறந்தேன், அதனால் எப்போதும் எனக்கு இரண்டாம் இடம். முட்டைக்காரர் தட்டை இறக்கினால் ஒவ்வொரு முட்டையையும் தண்ணீரில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் உள்ளே எடுப்பாள். யாராவது "இன்னிக்கு முகம் தெளிவா இருக்கே" என்று சொல்லிவிட்டால், "என்ன வேணும் உங்களுக்கு?" என்று கேட்பாள். நாங்கள் இருவரும் ஒரே பேக்கரியில் வேலை செய்கிறோம். நான் முன்னால் கவுண்டரில். அவள் பின்னால் குளிரூட்டிய அறையில், க்ரீம் கோனைப் பிடித்துக் கேக்குகளின் மேல் பெயர் எழுதுகிறவள்.

அவள் மகளுக்குக் குழந்தை பிறந்த செய்தி என் போனுக்குத்தான் வந்தது. கல்யாணத்திலிருந்து அம்மாவும் மகளும் பேசுவதில்லை. காரணம் அக்காதான், வேறு யார்? மாப்பிள்ளை வேலை பார்க்கிற இடத்துக்கே போய், மேலாளரிலிருந்து வாசல் காவலாளி வரை எல்லோரிடமும் அவர் எப்படிப்பட்டவர் என்று குடைந்து எடுத்துவிட்டாள். எல்லோரும் தங்கமான பிள்ளை என்றார்கள். "எல்லாரும் ஒரே மாதிரி சொல்றாங்கன்னா, அவன் சொல்லிக் கொடுத்திருக்கான்" என்று முடிவு கட்டினாள். "நீ யாரையும் நம்ப மாட்டேம்மா, என்னையும்தான்" என்று சொல்லிவிட்டுப் போன மகள் அப்புறம் வீட்டுப் பக்கம் தலைகாட்டவில்லை.

படத்தில் துண்டில் சுற்றிய குழந்தை. கீழே அதன் பெயர்: லயிரா.

அக்கா கோனைக் கீழே வைத்தாள். "இந்தப் பேரை எதுக்கு வச்சா?"

அவள் அப்படிக் கேட்டதற்குக் காரணம் இருந்தது. எங்கள் கடையின் ஷோகேஸில் எப்போதும் ஒரு மூன்றடுக்குக் கேக் நிற்கும். உள்ளே முழுக்கத் தெர்மாகோல், மேலே மட்டும் நிஜ க்ரீம். வாரம் ஒரு தடவை பழைய க்ரீமைச் சுரண்டிவிட்டுப் புதிதாகப் பூசி, அதில் பெயர் எழுதுவாள் அக்கா. ஆரம்பத்தில் ஏதோ வாயில் வந்த பெண் பெயரை எழுதினோம். ஒருநாள் ஒருவர் கொதித்துப்போய் உள்ளே வந்தார். "என் பொண்ணு பேர்ல கேக் சொன்னவன் யாரு? அவன் யாருன்னு எனக்குத் தெரிஞ்சாகணும்." அது வெறும் தெர்மாகோல் என்று விரலால் குத்திக் காட்டிய பிறகுதான் மனிதர் நகர்ந்தார். முதலாளிக்கு வெலவெலத்துப் போய்விட்டது. "உலகத்துல யாருக்கும் இல்லாத பேரா எழுதும்மா" என்றார். அக்கா மேஜையிலேயே க்ரீமால் கிறுக்கிப் பார்த்தாள். கை நோகாமல் வருகிற எழுத்துகளாகப் பொறுக்கி, மாற்றி மாற்றிப் போட்டு, வாய்விட்டுச் சொல்லிப் பார்த்து, லயிரா என்று நிறுத்தினாள். அர்த்தம் என்ன என்று கேட்டேன். "கேக்குக்கு எதுக்கு அர்த்தம்?" என்றாள்.

சில வருடங்கள் கழித்து, அந்தப் பெயரில் நிஜக் குழந்தைக்கே கேக் கேட்டு ஒரு அம்மா வந்தார். அக்கா போட்ட வேலையைப் போட்டபடி விட்டுவிட்டு ஓடிவந்து, பெயர் எங்கே கிடைத்தது என்று கேட்டாள். "ரொம்பப் பழைய மொழிங்க. விடியலோட சிரிப்புன்னு அர்த்தம். போன்ல போட்டிருக்கு." அடுத்து வந்தவர் அது ஏதோ கடல் தேவதை என்றார். இன்னொருவர், தன் பெயரிலும் மனைவி பெயரிலும் எழுத்தெடுத்து, மண்டையை உடைத்துக்கொண்டு தானே உருவாக்கியதாகச் சொன்னார். அவர் வீடு எங்கள் கடைக்கு நேர் எதிரே.

"யார் காதுல பூ சுத்தறார்?" என்று அக்கா பொருமினாள்.

"அப்படி என்னதான் இருக்கு அந்தப் பேர்ல?" என்றேன்.

"வாயில போட்டா வழுக்கிட்டுப் போகுது. நம்ம பிள்ளைக்கு மட்டும்தான் இதுன்னு ஒவ்வொருத்தரும் நினைச்சுக்கறாங்க. அவ்ளோதான்."

"நீ வச்சதுன்னு சொல்லிடேன்."

"சொன்னா நம்புவாங்களா? நானா இருந்தா நம்ப மாட்டேன்."

ஆனால் அவள் மகள் மற்றவர்களைப் போல இல்லை. பள்ளி விட்டதும் நேரே கடைக்கு வந்து, மாவு மூட்டை மேல் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதி வளர்ந்தவள். லயிரா யார் என்று அவளுக்கு நன்றாகத் தெரியும்.

"வேணும்னேதான் வச்சிருக்கா" என்றாள் அக்கா. "மேலே க்ரீம், உள்ளே ஒண்ணுமில்ல, எங்கம்மாவும் அப்படித்தான்னு சொல்றா. பேத்தியைக் கூப்பிடும்போதெல்லாம் எனக்குச் சுருக்குன்னு தைக்கணும்."

"அவளுக்குப் பிடிச்சிருக்கும், வச்சிருப்பா."

"நீ எப்பவும் அவ பக்கம்தான்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பிறந்த குழந்தையைக்கூட விட்டுவைக்காத சந்தேகம் என்ன சந்தேகம்!

அந்த வாரமே மகள் என்னைக் கூப்பிட்டாள். "அம்மாவைக் கூட்டிட்டு வா சித்தி. ஆனா வந்த இடத்துல யாரையும் விசாரிக்கக் கூடாது. ஒரு கேள்வி கேட்டாலும் அதோட சரி, அப்புறம் வாசல்படி மிதிக்க வேண்டாம்." என் அக்காவிடம் கேள்வி கேட்காதே என்பதும் மூச்சு விடாதே என்பதும் ஒன்றுதான். வாயைத் திறந்தால் பேத்தி முகத்தையே பார்க்க முடியாது என்று பஸ் முழுக்க அவளுக்குப் பாடம் எடுத்துக்கொண்டே போனேன்.

மாடியில் இரண்டு அறை வீடு. நாற்காலி முதுகுகளிலெல்லாம் குழந்தைத் துணி காய்ந்துகொண்டிருந்தது. மாப்பிள்ளை டீ கொண்டுவந்து கொடுத்தார். அக்கா டம்ளருக்குள் ஒருமுறை பார்த்தாள், கேட்க வந்ததை விழுங்கிவிட்டு டீயைக் குடித்தாள். நான் நிம்மதியாகச் சாய்ந்து உட்காருவதற்குள் மாப்பிள்ளை, "பேர் பிடிச்சிருக்கா அத்தை? விடியலோட சிரிப்புன்னு அர்த்தமாம்" என்று வாயை விட்டார்.

அக்காவின் தொடையைக் கிள்ளினேன். பயனில்லை.

"இந்தப் பேர் எங்கேர்ந்து வந்துச்சுன்னு எனக்குத் தெரியும்" என்றாள் மகளைப் பார்த்து. "நான் கேக்கல. சொல்றேன். என்னைக் குத்தறதுக்குத்தான் வச்சிருக்கே."

தொலைந்தது என்று நினைத்தேன். மகள் கோபப்படவில்லை. குழந்தையைத் தூக்கி அக்காவின் மடியில் போட்டுவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"என் பிறந்தநாளுக்கெல்லாம் என்ன கேக் கொண்டு வருவே, ஞாபகம் இருக்காம்மா?"

எனக்கு ஞாபகம் இருந்தது. ஆர்டர் சொல்லிவிட்டு யாராவது வாங்க வராமல் விட்ட கேக்.

"வேற யாரோ பேரைச் சுரண்டினது. பாதி எழுத்து அப்படியே தெரியும். உன்னைக் குத்தம் சொல்லல, அப்ப நம்மால அவ்ளோதான் முடிஞ்சுது. ஆனா அந்த லயிராவுக்கு மட்டும் வாரா வாரம் புதுசா எழுதுவே. நாக்கைக் கடிச்சுக்கிட்டு எழுதுவே. ஒரு எழுத்து கோணினாலும் வழிச்சுட்டு மறுபடி எழுதுவே. நான் மூட்டை மேல உக்காந்து பாத்துக்கிட்டே இருப்பேன். வயிறு எரியும்மா. இந்தப் பொண்ணு குடுத்து வச்சவன்னு நினைப்பேன். எனக்கு ஒரு பொண்ணு பொறந்தா அவளாவது அப்படி இருக்கட்டும்னுதான் வச்சேன்."

அக்கா குழந்தையின் தலைமேலேயே அழுதாள். நானும் அழுதேன். ஒன்றும் புரியாத மாப்பிள்ளை, "அப்போ விடியலோட சிரிப்பு இல்லையா?" என்று மட்டும் கேட்டார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மறுபடி போனோம். பஸ்ஸில் அக்கா மடியில் ஒரு அட்டைப்பெட்டி. என்னைக்கூடத் தொடவிடவில்லை. மகள் திறந்தாள். வெள்ளைக் கேக், மேலே அவளுடைய பெயர். அன்றைக்கு யாருக்கும் பிறந்தநாள் இல்லை.

"யார் வாங்காம விட்டது?" என்று கேட்டாள் மகள்.

"உனக்குன்னே சுட்டது."

மகள் அம்மாவின் முகத்தைப் பார்த்தாள், கேக்கைப் பார்த்தாள். பிறகு கத்தியை எடுத்தாள். வெட்டவில்லை. தன் பெயரின் ஓரத்தில் நுனியை விட்டுக் க்ரீமை மெல்லத் தூக்கி, அடியில் வேறொரு பெயரின் சாயம் ஒட்டியிருக்கிறதா என்று குனிந்து பார்த்தாள். பெற்றவளை அப்படியே உரித்து வைத்திருக்கிறாள்.

அக்காவுக்குக் கோபம் வரும் என்று எதிர்பார்த்தேன். அவள் பேத்தியைத் தோளுக்கு மாற்றிக்கொண்டு, "அந்தப் பக்கமும் தூக்கிப் பாரு" என்றாள்.

மகள் அந்தப் பக்கமும் தூக்கிப் பார்த்தாள். வேறு யார் பெயரும் இல்லை.