ஐந்தாவது எதிரி

எங்கள் ஊர் திருமானூருக்குப் பக்கம். பதினைந்து வருடத்துக்கு முன்னால் ஒரு கோடையில் குடிநீர் மோட்டார் எரிந்துபோய், ஒன்பது நாள் குழாயில் காற்றுதான் வந்தது. பொறுக்காமல் அரியலூர் சாலையில் பஸ்ஸை மறித்து, முதல் குடத்தை நடுரோட்டில் வைத்தவள் நான். அப்போது எனக்கு இருபது வயது. வாய்க்கு மட்டும் ஐம்பது. என் பேச்சைக் கேட்டு நான்கு அக்காக்கள் வந்து உட்கார்ந்தார்கள். சாயங்காலம் தண்ணீர் வந்தது, மறுநாள் வழக்கு வந்தது. குற்றம் சாட்டப்பட்டவரைக் கோர்ட்டில் எதிரி என்பார்கள். எதிர்வீட்டு அக்கா முதல் எதிரி, நான் ஐந்தாவது எதிரி.

அடுத்த வருடமே கல்யாணமாகிப் பாடாலூர் போய்விட்டேன். சம்மன் அம்மா வீட்டுக்கு வந்து, ஆள் இல்லை என்று திரும்பியிருக்கிறது. வயிற்றுப்பிள்ளைக்காரி பயந்துவிடுவேன் என்று அம்மா சொல்லவில்லை. கோர்ட்டில் என் வழக்கைத் தனியாகப் பிரித்து வைத்துவிட்டு, மற்ற நால்வரையும் விசாரித்தார்கள். ஆறு வருடம் வாய்தா வாய்தாவாக அலைந்த பிறகு எதிர்வீட்டு அக்கா போன் செய்தார். “கேசு முடிஞ்சிடுச்சுடி. விடுதலை ஆயிட்டோம்.” எனக்கும் சேர்த்துத்தான் என்று நினைத்துக் கேசரி கிண்டினேன். இரண்டு கேள்வி கேட்டிருந்தால் என்ன குறைந்திருக்கும்?

சாலை விரிவாக்கத்தில் பாடாலூரில் நாங்கள் நடத்திய டீக்கடை போனதும் குடும்பத்தோடு பிறந்த ஊருக்கே திரும்பினோம். ஊர் அங்கன்வாடியில் பணியாளர் இடம் காலியானது. அந்த வருடம் விட்டால் எனக்கு வயது தாண்டிவிடும். தேர்வாகி, வழக்கு இல்லை என்ற சான்றுக்குக் காவல் நிலையம் போனபோது ஏட்டு நிமிர்ந்து பார்த்தார்.

“உங்க மேல கேஸ் நிலுவையில இருக்கும்மா. தலைமறைவுன்னு போட்டிருக்கு.”

நெடுஞ்சாலை ஓரத்தில், போகிற வருகிற பஸ்ஸெல்லாம் பார்க்க டீ ஆற்றிக்கொண்டிருந்தவள் தலைமறைவாம்! சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது.

அரியலூர் வக்கீல் பொறுமையாகக் கேட்டார். “சம்பவம் ஒண்ணு, சாட்சியும் அதே சாட்சிதான். நாலு பேருக்கு நிரூபிக்க முடியாததை உங்க ஒருத்தருக்கு மட்டும் எப்படி நிரூபிப்பாங்க? வழக்கையே ரத்து பண்ணச் சொல்லி ஹைகோர்ட்ல கேப்போம். அந்தத் தீர்ப்பு நகலை வாங்கிட்டு வாங்க.”

அக்கா அதைப் பிளாஸ்டிக் கவரில் போட்டுப் பீரோவில் வைத்திருந்தார். ஒரு வார்த்தை கேட்காமல் கவரோடு எடுத்துக் கொடுத்தார். தீர்ப்பைப் படித்தேன். குறுக்கு விசாரணையில் பஸ் டிரைவர், குடங்களைத்தான் பார்த்தேன், முகங்களைப் பார்க்கவில்லை என்று சொல்லியிருந்தார். அந்த மனிதர் எங்கிருந்தாலும் நன்றாக இருக்கட்டும்.

மூன்று மாதத்தில் சென்னையிலிருந்து உத்தரவு வந்தது. அதே சாட்சியத்தை வைத்து இன்னொரு விசாரணை நடத்துவது வீண் என்று சொல்லி, என் மேல் இருந்த வழக்கை நீதிபதி ரத்து செய்திருந்தார். வக்கீலின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதுவிட்டேன். அவர் கவரைத் திருப்பிக் கொடுத்தார்.

“இதுல அந்த அக்காவோட கடிதம் ஒண்ணும் சேந்து வந்திருக்கு. குடுத்துடுங்க.”

பஸ்ஸில் உட்கார்ந்து பிரித்தேன். பழைய அரசாங்கக் கடிதம். குற்ற வழக்கு நிலுவையில் உள்ளதால், அங்கன்வாடிப் பணிக்கு அக்கா கொடுத்த விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறது. இதே ஊர், இதே வேலை. விடுதலையான போது அக்காவுக்கு வயது தாண்டியிருந்தது. ஊர் வரும்வரை என்னால் தலை நிமிர முடியவில்லை.

நேராக அக்கா வீட்டுக்குப் போய்க் கடிதத்தை நீட்டினேன். “நான் இழுத்துவிட்டுத்தானே அக்கா இதெல்லாம்? ஏன் சொல்லல?”

“சொல்லி என்னாவப் போவுது? தண்ணி வந்துச்சுல்ல, நீயும் நானும்தான் குடிச்சோம்.” கடிதத்தை வாங்கி மடித்துக்கொண்டார். “நீ வேலைக்குச் சேர்ற வழியப் பாருடி.”

அதுவரை அவர் என்னை ‘டி’ போடாமல் கூப்பிட்டதே இல்லை. நான் வேலையில் சேர்ந்த அன்று காலை, மகள் வயிற்றுப் பேத்தியைக் கையில் பிடித்துக்கொண்டு அங்கன்வாடி வாசலில் வந்து நின்றார். மற்ற தாய்மார்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

“டீச்சர், புள்ள புதுசு. அழுதா கொஞ்சம் பாத்துக்கங்க.”

குழந்தை அழவில்லை. நான்தான் அழுதேன்.