கோமதிநாயகம் பிள்ளையின் மூன்றாவது படம்

பழவங்காடிப் பக்கம் கோமதிநாயகம் பிள்ளை என்றால், "ஓ, நம்ம சினிமாக்காரரா!" என்று கும்பிடாத குறையாகச் சொல்வார்கள். ராஜா ராணி, கத்திச் சண்டை ஒன்றும் இல்லாமல் சாதாரண மனுஷர்களின் மனசைப் படம் பிடிக்கிறவராம். அடேயப்பா! சர்க்கார் குமாஸ்தா வேலையை உதறிவிட்டு, 1930க்குள் சொந்தமாக இரண்டு ஊமைப்படம் எடுத்தார். இரண்டும் நாலே நாளில் சினிமாக் கூடாரத்தைக் காலி செய்தன. ஊரார் மனசைப் படித்த இந்த மகானுபாவனுக்கு வீட்டில் வடிவாம்பாள் என்று ஒரு பெண்டாட்டியும் இருந்தாள்.

மூன்று வயசு மகள் பொன்னம்மை காய்ச்சலில் போன மறுநாள் காலை. குழந்தையின் பச்சைப் பாவாடையை வாயில் அடைத்துக்கொண்டு, சத்தம் வெளியே கேட்காமல் வடிவாம்பாள் அழுதுகொண்டிருந்தாள். அறை வாசலில் வந்து நின்றார் பிள்ளை.

"வடிவு, முகத்தைத் துடைச்சிராதே. லேசா ஜன்னல் பக்கம் திரும்பு."

ஏதோ ஆறுதல் சொல்லப்போகிறார் என்று திரும்பினாள், பைத்தியக்காரி. அவர் நோட்டில் என்னவோ குறித்துக்கொண்டு போய்விட்டார்.

மூன்றாவது படத்தில் அந்த அழுகை அப்படியே வந்தது. பெண்கள் நடிக்க வராத காலம். நாடகத்தில் பெண்வேஷம் கட்டும் பிச்சுமணி, குரல்வளை ஏறி இறங்க அழுதான். அவன் வாயில் பொன்னம்மையின் அதே பாவாடை. ஒரு வார்த்தை கேட்காமல் பெட்டியைத் திறந்து எடுத்துப் போயிருக்கிறார், வெட்கங்கெட்ட மனுஷன்! கூடாரமே மூக்கைச் சிந்தியது. கூட்டத்தில் இருந்த வடிவாம்பாள் எழுந்து வெளியே போய்விட்டாள்.

அவர் வீட்டுக்கு வந்ததும், "பொன்னம்மை பாவாடையைக் கொண்டாங்க" என்றாள்.

"பிச்சுமணி கொல்லத்துக்குப் போயிட்டான். அது எங்க கெடக்கோ, ஆரு கண்டா? துணிதானே! ஜனங்க அழுததைப் பாத்தியா?"

அந்தத் துணியை விட்டால் பொன்னம்மைக்கு இந்த உலகத்தில் வேறு அடையாளமே கிடையாது. ஊரையெல்லாம் படம் பிடித்த அப்பனுக்கு, மகளை ஒரு போட்டோ எடுக்கத் தோன்றியதில்லை.

ஒன்பதாம் நாள் ஆட்டத்தில் மிஷின் சூட்டில் பிலிம் பற்றிக்கொண்டது. ஆட்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. படம்தான் மிச்சமில்லாமல் எரிந்துபோயிற்று. இருந்ததே அந்த ஒரு பிரதி.

மறுநாள் காலை, அதே அறையில், கருகிய தகர டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு, "எல்லாம் போச்சே வடிவு!" என்று தேம்பித் தேம்பி அழுதார் பிள்ளை.

அறை வாசலில் வந்து நின்றாள் வடிவாம்பாள்.

"முகத்தைத் துடைச்சிராதீங்க. லேசா ஜன்னல் பக்கம் திரும்புங்க."

அது தாம் சொன்ன வார்த்தை என்றுகூடத் தெரியாமல், பிள்ளை ஆவலோடு திரும்பினார். அவள் அடுக்களைக்குப் போய்விட்டாள்.