வன்னியில் விட்ட பிள்ளைகள்

மகளின் பள்ளிக்கூடத்தில் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளை மூன்று நாள் முகாமுக்குக் கூட்டிப் போகிறார்கள் என்று அறிந்ததிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. சிட்னிக்கு மேற்கே, நீலமலைகளுக்கு அப்பால், பாத்தர்ஸ்ட்டும் தாண்டி ஒரு பண்ணை. பிள்ளைகள் கைபேசி கொண்டுபோகக் கூடாது. கணவர் உடனேயே சம்மதம் கொடுத்துவிட்டார். நான்தான் குளிர் தாங்குவாளோ, ஆற்றில் இறக்குவீர்களோ, காய்ச்சல் வந்தால் ஆஸ்பத்திரி எவ்வளவு தூரம் என்று ஆசிரியைக்கு மின்னஞ்சல் மேல் மின்னஞ்சல் போட்டேன். அவர் ஒவ்வொன்றுக்கும் பொறுமையாகப் பதில் எழுதினார். பதில் வந்ததும் எனக்கு இன்னொரு கேள்வி முளைத்தது.

புறப்பட்ட காலையில் மகள் பஸ்ஸில் ஏறி, தோழிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, எதையோ சொல்லிச் சிரித்தாள். என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. மற்றத் தாய்மார் காப்பி வாங்கப் போனார்கள். பஸ் முடக்கில் திரும்பி மறைந்த பிறகும் நான் நின்றுகொண்டிருந்தேன்.

என்னையும் தம்பியையும் ஒருநாள் இப்படித்தான் அனுப்பினார்கள். எனக்குப் பத்து வயது, தம்பிக்கு ஆறு. யாழ்ப்பாண நகரத்தில் எங்கள் வீட்டுக்கு அடுத்த ஒழுங்கையில் குண்டு விழுந்து, பள்ளிக்கூடங்கள் பூட்டிக் கிடந்த காலம். அப்பா சவூதியில் வேலை. அம்மா ஆஸ்பத்திரியில் தாதி. காயக்காரரால் நிறைந்திருந்த வார்டை விட்டுவிட்டு எங்களோடு எங்கும் ஓட அவரால் முடியவில்லை. அந்த வார்டில் ஒப்பரேஷன் முடிந்து வீடு திரும்பவிருந்த ஒரு பெண், பிள்ளைகளைத் தன்னோடு விடும்படி கேட்டிருக்கிறார். வன்னியில் ஒட்டுசுட்டான் பக்கம், காட்டோரக் காணி, அங்கே குண்டு போட ஒன்றுமில்லை, மாடு நிற்கிறது, பிள்ளைகள் பால் குடிப்பார்கள் என்று சொல்லியிருக்கிறார். அவருடைய கணவர் இறந்துவிட்டார், பிள்ளைகள் இல்லை. அம்மாவுக்கு அவரைச் சில கிழமைகளாகத்தான் தெரியும். அவரிடம் எங்களைக் கொடுத்தார்.

நாங்கள் அந்தப் பெண்ணை மாமி என்று கூப்பிட்டோம். மாமி என்னை ஒருநாளும் ஏசியதில்லை. ஆனால் அந்த வளவுக்குள் என்னால் ஓரிடத்தில் இருக்க முடியவில்லை. வீதியில் உழவு இயந்திரச் சத்தம் கேட்டாலும் அம்மாதான் வருகிறாரோ என்று வாசல் படலைக்கு ஓடுவேன். குண்டு போடும் விமானங்கள் எங்கள் தலைக்கு மேலால்தான் வடக்கே போகும். மாமி சொன்னது சரி, அவை எங்களுக்கு ஒன்றும் செய்யவில்லை. அவை எங்கே போகின்றன என்று எனக்குத் தெரியும். அம்மா இந்நேரம் வார்டில் நிற்பாரா, வீட்டுக்குப் போகும் வழியில் நிற்பாரா என்று யோசித்தபடி, அவை திரும்பிப் போகும் வரை வீட்டைச் சுற்றிச் சுற்றி நடப்பேன். தம்பி வானத்தை நிமிர்ந்துகூடப் பார்க்க மாட்டான். அவனுக்குக் கன்றுக்குட்டி இருந்தது, மாமி இருந்தார். மாமியின் சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு தூங்குவான்.

ஏறக்குறைய ஒரு வருடம் கழித்து அம்மா வந்தார். தம்பி மாமிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு, மாமியைத்தான் அம்மா என்று கூப்பிட்டான். அவனை இழுத்துத்தான் கொண்டு வந்தோம். பிறகு கொழும்பு, பிறகு அப்பாவோடு சிட்னி. எங்கள் வீட்டில் யாரும் அந்த வருடத்தைப் பற்றிக் கதைத்ததில்லை. அப்பா சாகும் வரை கேட்கவும் இல்லை.

பஸ்ஸை அனுப்பிவிட்டு வெஸ்ட்மீட் ஆஸ்பத்திரிக்கு வேலைக்குப் போனேன். இரத்தம் எடுக்கும் பகுதியில் இருக்கிறேன். அன்றைக்கு ஒரு பெரியவருக்கு இரண்டு தரம் ஊசி குத்த வேண்டியதாயிற்று. மத்தியானம் சாப்பாட்டைத் திறக்காமல் மெல்பேர்னில் இருக்கும் தம்பிக்குப் போன் எடுத்தேன். மகளைப் பற்றித்தான் சொல்லிக்கொண்டு போனேன். அவன் முழுவதையும் கேட்டான்.

“அக்கா, அவள் சந்தோசமாப் போட்டு வரட்டும்,” என்றான். “உங்களுக்கு அங்க கஷ்டமா இருந்தது. எனக்கு அப்பிடி இல்லை. அங்க இருந்த மாதிரி சந்தோசமா நான் பிறகு ஒருநாளும் இருந்ததில்லை.”

எங்கே என்று அவனும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. சண்டை முடிந்து பாதை திறந்த பிறகு, தான் மாமியின் காணிக்குப் போனதாகச் சொன்னான். காணி பற்றையாகிக் கிடந்ததாம். வீட்டுக்கு அத்திவாரம்கூட மிஞ்சவில்லை, கிணறு மட்டும் இருந்தது. அயலில் மீளக் குடியேறியிருந்த ஒருவர், மாமி சண்டையின் கடைசி நாட்களில் மற்ற எல்லோரோடும் கடற்கரைப் பக்கம் நடந்து போனவர் என்றும், அதற்குப் பிறகு அவரைக் கண்டவர் இல்லை என்றும் சொல்லியிருக்கிறார். தம்பி அதற்கு முன்னும் பின்னும் பல இடங்களில் விசாரித்திருக்கிறான்.

“ஏன் எங்களுக்குச் சொல்லேல்லை?” என்று கேட்டேன்.

“ஆருக்குச் சொல்லுறது? அந்த ஊரின்ர பேரைச் சொன்னாலே நீங்கள் எழும்பிப் போயிடுவியள். அம்மா அதைவிட மோசம்.”

பின்னேரம் ரயிலில் வென்ட்வேர்த்வில் வந்து இறங்கி, வேகமாக நடந்து வீட்டுக்குப் போனேன். என்னோடு இருக்கும் அம்மா குசினியில் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தார். நின்றபடியே எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவர் கத்தியை வைத்துவிட்டுக் கதிரையில் இருந்தார். மாமி உயிரோடு இல்லை என்பதை அவர் முன்பே ஊகித்திருக்க வேண்டும். அதைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை.

“அவ சின்னவனைக் கேட்டவ,” என்றார்.

எனக்கு விளங்கவில்லை.

“நான் கூட்ட வந்த அண்டைக்கு, கிணத்தடியில வைச்சுக் கேட்டவ. பெரியவளைக் கொண்டு போங்கோ, இவனை எனக்குத் தாங்கோ எண்டு. நான் உடன இல்லையெண்டு சொல்லேல்லைப் பிள்ளை. யாழ்ப்பாணத்தில அப்பவும் குண்டு விழுந்துகொண்டுதான் இருந்தது. அவன் அங்க நல்லாக் கொழுத்துப்போய் நிண்டவன். அண்டைக்கு முழுக்க யோசிச்சனான்.”

“பிறகு ஏன் கூட்டிக்கொண்டு வந்தனீங்கள்?”

“நீ விடேல்லை. அவன்ர கையைப் பிடிச்சபடி படலையில நிண்டனி. அவன் வராட்டி நானும் வரன் எண்டு சொன்னனி.”

எனக்கு அது நினைவில்லை. படலை நினைவிருக்கிறது, பஸ் நினைவிருக்கிறது, தம்பி அழுதது நினைவிருக்கிறது. நான் அப்படிச் சொன்னது மட்டும் எங்குமே இல்லை. ஒரு பிள்ளையை அதற்குப் பிடித்தமான இடத்திலிருந்து இழுத்து வந்தேனா, பிற்பாடு அங்கே வந்த சாவிலிருந்து இழுத்து வந்தேனா? குசினிக்கும் முன்னறைக்கும் இடையே நடந்துகொண்டிருந்தேன். தம்பிக்கு இதைச் சொல்ல வேண்டாம் என்றார் அம்மா. நான் சொல்ல மாட்டேன், நீங்கள்தான் சொல்ல வேண்டும் என்றேன்.

மூன்றாம் நாள் மகள் சேறும் புழுதியுமாக, தொண்டை கட்டிப்போய் வந்து இறங்கினாள். முகாம் எப்படி என்று கேட்டேன். “இட் வாஸ் சோ குட், அம்மா,” என்று மட்டும் சொல்லிவிட்டு, கார் பெரிய ரோட்டுக்கு ஏறுமுன் தூங்கிவிட்டாள்.

சனிக்கிழமை தம்பி விமானத்தில் வந்தான். அம்மாதான் வரச் சொல்லியிருந்தார். சாப்பாட்டு மேசையில் வைத்து, எனக்குச் சொன்ன அதே சொற்களில் அவனுக்கும் சொன்னார். அவன் கோபப்படுவான் என்று எதிர்பார்த்தேன். அவன் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

“நாங்கள் வெளிக்கிடேக்க அவ அழுதவவோ?”

அம்மா யோசித்தார்.

“இல்லை. வழியில நீ பசியெண்டு சொல்லுவாய் எண்டு புட்டும் பொரியலும் கட்டித் தந்தவ. நீ சாப்பிடேல்லை.”

தம்பி எழுந்து பின்வளவுக்குப் போனான். நான் அவனுக்குப் பின்னால் போனேன். அவன் வேலியைப் பார்த்தபடி நின்றதைக் கண்டு திரும்பி அம்மாவிடம் வந்தேன். பிறகு மறுபடி வெளியே போனேன். அவன் உள்ளே வந்தபோது முகம் கழுவியிருந்தான். டிசம்பரில் அங்கே ஒருமுறை போய்வருவோமா என்று அம்மாவைக் கேட்டான். அம்மா ஓம் என்றார். பிறகு இருவரும் என்னைப் பார்த்தார்கள். எனக்கு அந்த இடத்தை மறுபடி பார்க்க மனமில்லை. அவர்களைத் தனியே அனுப்பிவிட்டு இங்கே நடந்துகொண்டிருக்கவும் முடியாது. நானும் வாறன் என்றேன்.