பாலக்கோட்டில் தங்கிய அரை நொடி

1986. காலை ஏழு மணிக்குத் தருமபுரியில் இறங்கும்போதே பயம் பிடித்துக்கொண்டது. சென்னையில் ஓர் இயக்குநர் தொலைக்காட்சிக்காகச் சந்தைகளைப் பற்றி ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்தார். அதற்குப் பழைய படச்சுருள்களைத் தேடிப் பிடிப்பது என் வேலை. பாலக்கோட்டின் பழைய சந்தைச் சுருள் கிடைக்காவிட்டால் அந்தப் பகுதியையே வெட்டிவிடுவதாகச் சொல்லியிருந்தார். கூடவே என்னையும் வெட்டுவார் என்பது முகத்தில் தெரிந்தது.

தருமபுரியிலிருந்து பாலக்கோட்டுக்கு இருபது சொச்சம் கிலோமீட்டர். டிக்கெட் இரண்டேகால் ரூபாய். பேருந்தில் பாதி இடம் காலிக் கூடைகளுக்கு. பக்கத்து இருக்கைக்காரர் என் மடியிலிருந்த தகர டப்பாவைத் தட்டிப் பார்த்தார்.

"என்னாங்க, முறுக்கு யாவாரமா?"

"பழைய பிலிம் வாங்கப் போறேங்க."

"தக்காளிய வுட்டுட்டு பிலிம் வாங்க வர்ற மொத ஆளு நீங்கதாங்க."

நான் தேடிப்போன அமீர் பாய் இப்போது தக்காளி மண்டிக்காரர். முன்பு டூரிங் டாக்கீஸ் நடத்தியவர். அந்த நாளில் அவரிடம் ஒரு தந்திரம் இருந்தது. சந்தைக் கூட்டத்தைச் சின்னக் கேமராவில் பிடித்து, அடுத்த வாரம் பெரிய படத்துக்கு முன்னால் ஓட்டுவார். தன் முகத்தைப் பார்க்கவே சனம் டிக்கெட் எடுக்கும். அப்படிப் பிடித்ததில் ஒரே ஒரு சுருள் மிஞ்சியிருந்தது. நெகட்டிவ் கிடையாது. உலகத்திலேயே அது ஒன்றுதான்.

"குடுக்கறேனுங்க. ஆனா படத்துல இருக்கறவங்கள கேக்கணுமில்ல? ஏலம் முடிஞ்சதும் ஓட்டிக் காட்டிருவோம்."

"ஓட்டறதா!" என் குரல் எனக்கே கீச்சென்று கேட்டது. "காஞ்சுபோன பிலிமு பாய், நொறுங்கிடும். மெட்ராசுல காப்பி எடுத்துட்டு அப்புறம் ஓட்டலாங்க."

எங்கள் தொழிலில் மூலச்சுருளைப் புரொஜக்டரில் ஏற்றுவது பெரும் பாவம். பாய் அசையவில்லை.

"அவங்கவங்க மூஞ்சிய அவங்களக் கேக்காம மெட்ராசுக்கு அனுப்பினா, நாளைக்கு எவன் என் மண்டிக்கு தக்காளி கொண்டாருவான்?"

பகல் பன்னிரண்டு மணி. ஷட்டரை இறக்கினார்கள். சுண்ணாம்புச் சுவரே திரை. மண்டி நிறையக் கூட்டம். நான் புரொஜக்டர் பக்கத்தில் இரண்டு கையையும் ஏந்திக்கொண்டு நின்றேன். இரண்டு பிள்ளைகள் பிறந்தபோதும் எனக்கு இப்படி வியர்த்ததில்லை. என் மனைவி இந்த வரியைப் படிக்க வேண்டாம்.

சுவரில் சத்தமில்லாமல் மாடுகள் வந்தன, வண்டிகள் வந்தன. ஒவ்வொரு முகத்துக்கும் ஒரு விசில். "டேய், எங்கப்பன்டா!" பிறகு கூடைக்குப் பின்னால் ஓர் இளம்பெண், விலை குறைத்துக் கேட்டவனை நோக்கிக் கையை ஓங்கினாள்.

"மாதக்கா! அப்பவே இப்பிடித்தானா?"

சுவரில் கை ஓங்கிய அதே மாதம்மாள், இன்றும் இந்த ஊரில் தக்காளி விற்பவர், கூட்டத்திலிருந்து முன்னால் வந்து நிற்கவும், 'படக்'கென்று சுருள் அறுந்தது. பதறிப் பின்வாங்கினேன். பின்னாலிருந்த கூடையில் உட்கார்ந்தேன். கூடை தாங்கியது, தக்காளி தாங்கவில்லை.

"அய்யோ சார், கறை சோப்பு போட்டாலும் போவாதுங்க!" என்றது ஒரு குரல்.

பாய் சுருளில் நைந்த பாகத்தைக் கத்தரித்து, மீதியைப் பசை போட்டு ஒட்டினார். விரல் நீளத் துண்டு ஒன்று மிஞ்சியது. மாதம்மாள் அதை வாங்கி வெளிச்சத்தில் பிடித்தார்.

"இத்தினியூண்டுல இத்தன மாதம்மாளா! இது எனக்கு. மீதிய எடுத்துட்டு போவட்டும் பாய். நான் சத்தமில்லாம சண்ட போட்டது இந்தப் படத்துல மட்டுந்தான், மெட்ராசுக்காரங்களும் பாக்கட்டும்."

கூட்டம் சிரித்தது. அதுதான் அவர்கள் தந்த அனுமதி. துண்டுகளையும் சேர்த்துப் பாதுகாக்க வேண்டும் என்பது எங்கள் விதி. சொல்ல வாயைத் திறந்தேன், அவர் கை ஓங்குவதை இப்போதுதான் பார்த்திருந்தேன், மூடிக்கொண்டேன்.

சென்னையில் ஆவணப்படத்தில் அந்தச் சுருள் சேர்ந்தது. பாலக்கோடு பிழைத்தது, நானும். துண்டு இல்லாததால் ஓங்கிய கை சட்டென்று இடுப்புக்குத் தாவும் இடத்தில் மட்டும் இயக்குநர் முகம் சுளித்தார். "அந்த அரை நொடிக்குச் சொந்தக்காரர் இருக்கிறார் சார்" என்றேன்.

அடுத்த மாதம் மூலச்சுருளோடு, இஷ்டப்படி ஓட்டிக்கொள்ள ஒரு பிரதியும் பாலக்கோட்டுக்குக் கொண்டுபோனேன். சென்னையில் குளிர் அறைகளில் அடுக்கிய சுருள்களில் இருப்பது யார் என்று அங்கே யாருக்கும் தெரியாது. இங்கே ஷட்டர் இறங்கியதுமே பெயர் சொல்லிக் கத்தினார்கள். கை தாவிய இடத்தில் யாரோ, "என்னாடா, கொஞ்சம் காணோம்?" என்றார்கள்.

இருட்டில் மாதம்மாள் இடுப்புச் சுருக்குப்பையைத் தட்டினார்.

"இங்க இருக்குது. நீ மேல ஓட்டு பாய்."