எரிய மறுத்த மன்மதன்

மாசி மாதம் எங்கள் தேயிலைத் தோட்டத்தில் காமன் கூத்து நடக்கும். தவத்தைக் கலைத்த மன்மதனைச் சிவன் எரிப்பார், ரதி ஒப்பாரி வைப்பாள், பெண்களும் கூடவே அழுது நேர்த்திக்கடனைத் தீர்ப்பார்கள். அந்த வருடம் சிவன் நான். நெற்றிக்கண்ணைத் திறப்பதைத் தவிர வேறு வேலையில்லை என்றார்கள், அதனால்தான் ஒப்புக்கொண்டேன்.

மன்மதனாக ஆடியவன் தேயிலைச் செடிக்குக் கவ்வாத்து வெட்டுகிற இளவட்டம். ஞாயிற்றுக்கிழமையானால் ஹட்டன் டவுன் தியேட்டரில் கிடப்பான். அவன் மட்டுமா, லயத்து வீடுகளில் இருக்கிற சனமே அப்படித்தான். மதராஸில் நாலைந்து ஸ்டூடியோ முதலாளிகள் உட்கார்ந்து, கதாநாயகன் சாகக் கூடாது, கடைசியில் கத்திச் சண்டை வேண்டும் என்று முடிவு செய்துவிட்டார்கள். அதனால் எங்கள் காமன் பொட்டலில் எவன் மாட்டிக்கொள்வான் என்று ஒருத்தராவது யோசித்தாரா?

தப்புச் சத்தம் உச்சத்துக்குப் போனது. கண்ணைத் திறந்தேன். வைக்கோல் சுற்றிய காமன் கம்பத்துக்குத் தீ வைத்தார்கள். அந்த நொடியில் மன்மதன் விழ வேண்டும். விழவில்லை. கரும்பு வில்லை வாள் மாதிரிச் சுழற்றிக்கொண்டு என்னை நோக்கி வந்தான். கூட்டம் விசிலடித்தது.

"டேய், எரிஞ்சிருடா," என்று பல்லைக் கடித்தேன்.

"சனம் பாத்துக்கிட்டிருக்குண்ணே. ரெண்டு சுத்து சண்டை போட்டுட்டு எரியிறேன்."

உலகத்தையே அழிக்கக்கூடிய நான், இடுப்பிலிருந்து நழுவும் புலித்தோலைப் பிடித்துக்கொண்டு பொட்டலைச் சுற்றி ஓடினேன். சூலத்தை எங்கே போட்டேன் என்று இன்றுவரை தெரியாது. "விடாத, போடு" என்று அவனுக்கு எடுத்துக் கொடுத்தது என் சொந்த மச்சான்.

ரதி வேஷம் கட்டியவர் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு குறுக்கே வந்தார். "நான் எப்பதாங்க அழுவுறது? கம்பம் முக்கால்வாசி எரிஞ்சிருச்சு."

கம்பம் சாம்பலாவதற்குள் ஒப்பாரி தொடங்காவிட்டால் சாமி குற்றம். விரதம் இருந்த பெண்கள் ஓரமாகக் கையைப் பிசைந்துகொண்டு நின்றார்கள். மன்மதனோ கூட்டத்தைப் பார்த்துத் தலைமுடியைக் கோதிக்கொண்டிருந்தான். பின்னாலிருந்து காலை வாரிவிட்டேன். விழுந்தவன் எழுந்துவிடுவானோ என்ற பயத்தில் அவன் மேலேயே உட்கார்ந்துகொண்டேன். ரதி அழத் தொடங்கினார். நேர்த்தி நிறைவேறியது.

மறுநாள் கொழுந்து நிறுக்கும் இடத்தில் ஒருத்தரும் எனக்கு முகம் கொடுக்கவில்லை.

"பின்னால வந்து காலை வாருனவரு இவருதான்," என்றார் கூடையோடு நின்ற ஒரு அக்கா. "படத்துலயும் வில்லன் இப்படித்தான் செய்வான்."

"அக்கா, நான் சிவன்க்கா. நீங்க விரதம் இருந்ததே..."

"யாரா இருந்தா என்ன," என்று கூடையைத் தராசில் மாட்டினார். "அம்புட்டு அழகா சண்டை போட்ட புள்ளைய."