எதிராளி வராத போட்டி

விடிந்ததும் எங்கள் வீட்டில் எழும் முதல் வாடை அவித்த முட்டையுடையது. அத்தனையும் தேவகி அக்காவுக்கு. பள்ளியில் குண்டு எறிந்து ஜெயித்தவள் அவள். படிப்பு முடிந்ததும், திருப்புலிவனத்திலிருந்து உத்திரமேரூருக்குப் போய், கடைத்தெருவுக்குப் பின்னால் இருந்த தகரக் கொட்டகை "ஜிம்"மில் எடை தூக்கத் தொடங்கினாள். ஆண்கள் வராத மதிய நேரத்தில், தகரம் கொதிக்கும்போதுதான் அவளுக்கு இடம் கிடைத்தது.

"பொட்டப்புள்ளைக்கு இன்னாத்துக்கு இந்த ஒடம்பு? எவன் கட்டிக்கினு போவான்?" என்பாள் அத்தை.

"எம்பொண்ணு ஒடம்பு அது. உனக்கு இன்னா பேஜாரு?" என்பார் நைனா.

பெண்களுக்கும் உடற்கட்டுப் போட்டி வைக்கப்போகிறார்கள் என்று தெரிந்ததும், மேடைக்கான சின்ன உடையை அம்மாவே கதவைச் சாத்திக்கொண்டு தைத்தாள். சென்னையில் போட்டி நடந்த மண்டபத்தில் பெண்களுக்கென்று ஓர் அறை கிடையாது. மாடிப்படியின் அடியில் நான் சேலையைத் திரையாகப் பிடிக்க, அம்மா அக்காவின் தோளிலும் முதுகிலும் நிறம் கலந்த எண்ணெயைத் தேய்த்தாள். ஏரிக்கரைக் கருங்கல்போல அந்தத் தோள்கள் மின்னின.

அப்போதுதான் போட்டி நடத்துபவர் திரைக்கு வெளியே வந்து நின்றார். "வேற பொண்ணுங்க யாரும் வர்லம்மா. ஒருத்தர வெச்சிக்கினு எப்டி போட்டி நடத்தறது?"

"நான் தனியா நிக்கறேன் சார். மார்க்கு போடுங்க."

"யாரோட ஒப்பிட்டுப் போடறது? ஆம்பளைங்க ரவுண்டுக்கு நடுவுல சும்மா வந்து நில்லு. ஜனங்க கை தட்டுவாங்க."

"வேடிக்கை காட்ட வர்ல சார்" என்ற அக்கா, எண்ணெய்மேலேயே சேலையைச் சுற்றிக்கொண்டாள். பேருந்தில் அவள் சாய்ந்த இடமெல்லாம் கறை படிந்தது. பக்கத்தில் இருந்தவர்கள் விலகி உட்கார்ந்தார்கள்.

அடுத்த ஆண்டுப் போட்டிக்கு இன்னொருத்தியாவது வேண்டுமென்று வீடுவீடாகப் போய்க் கேட்டாள். ஏரிக்கரைக் குடியிருப்பிலிருந்து அஞ்சலை மட்டும் வந்தாள். நல்ல வலுவுள்ள பெண். சில நாள் எடை தூக்கிப் பழகியதும், அவள் குடும்பமே செங்கல் சூளை வேலைக்குப் போய்விட்டது. ஊராரிடம் அதுவரை மல்லுக்கு நின்ற நைனாவே ஒரு நாள், "போதும்மா, வுட்டுடு" என்றார். அத்தையின் பேச்சையெல்லாம் தாங்கிக்கொண்டவள் அன்றைக்குத்தான் அழுதாள். பிறகு வாலாஜாபாத் பக்கம் கட்டிக்கொடுத்தார்கள்.

அந்தக் கொட்டகை இருந்த இடத்தில் இப்போது செல்போன் கடை. கம்பெனி கேன்டீனில் அண்டா தூக்கித் தூக்கித் தோள் விட்டுப்போனதால், அக்காவால் வலது கையை உயர்த்த முடிவதில்லை. நான் போகும்போது தலைவாரி விடுவேன். பழையதைப் பற்றிக் கேட்டால், "அத வுடு, வேற இன்னா சேதி?" என்பாள்.

நடக்காத போட்டிக்கு யாரும் படம் எடுக்கவில்லை. மாடிப்படிக்கு அடியில் அவள் நின்ற கோலத்தைப் பார்த்தவர்கள் அம்மாவும் நானும்தான். போன தை மாதம் அம்மாவும் போய்விட்டாள்.